தீயல் சட்டியில் முட்டை

போன வாரம் வீட்டில் நான் தனியாள். மனைவி ஆரல்வாய்மொழியில் இருக்கும் அவளுடைய அக்கா வீட்டுக்குப் போயிருந்தாள். மஸ்கட்டில் வேலை பார்க்கும் மகன் வாட்ஸ்அப்பில் ஒரு வீடியோ அனுப்பினான். "ஷக்ஷுகா… ரொம்ப ஈஸிப்பா. செஞ்சு போட்டோ அனுப்புங்க!"

ஈஸிதான். வெங்காயமும் குடைமிளகாயும் வதக்கி, தக்காளியை மசிய விட்டு, மிளகாய்த்தூள், சீரகத்தூள். குழம்பு கெட்டியாகிக் கொதிக்கும்போது கரண்டியால் குழி பறித்து, குழிக்கொரு முட்டை உடைத்து ஊற்றி மூடிவிட வேண்டும். வெள்ளைக்கரு வெந்ததும் இறக்கினால் மஞ்சள்கரு இளக்கமாக நிற்கும். வாசனை? தெருவே எட்டிப் பார்க்கும்.

எங்கள் வீட்டுச் சட்டதிட்டத்தை இங்கே சொல்லியாக வேண்டும். மனைவி சைவக் குடும்பத்துப் பெண். பிறந்ததிலிருந்து முட்டை தொட்டதில்லை. நானும் மகனும் தின்போம். தடை கிடையாது — ஆனால் முட்டை அடுக்களைக்குள் வராது. பின்பக்கம் ஒர்க் ஏரியாவில் தனி அடுப்பு, முட்டைக்கென்று ஒரு அலுமினியச் சட்டி. கல்யாணமான நாளிலிருந்து இதுதான் ஏற்பாடு.

அந்த அலுமினியச் சட்டி நசுங்கி, கரி பிடித்து… அதையா போட்டோ எடுப்பது? வீடியோவில் இருந்தது அழகான மண்சட்டி. அடுக்களையிலும் அதே மாதிரி ஒன்று இருந்தது. மனைவி தேங்காய் வறுத்தரைத்துத் தீயல் குழம்பு வைக்கிற சட்டி. மண்சட்டி எதையும் உறிஞ்சிக்கொள்ளும் என்று எனக்குத் தெரியாதா? தெரியும். எடுத்தேன்.

போட்டோவுக்கு மகன் இதயம் போட்டான். நான் சட்டியில் கஞ்சித்தண்ணி ஊற்றிக் கொதிக்க வைத்து, தேங்காய் நாரால் தேய்த்து, வெயிலில் காயவைத்து, இருந்த இடத்திலேயே கவிழ்த்து வைத்தேன்.

மறுநாள் காலையில் மனைவி வந்தாள். கொஞ்ச நேரத்தில் அடுக்களையிலிருந்து போன் பேசும் சத்தம். "அக்கா, கேட்டியா… நான் இல்லாத நேரத்துல அவிய மண்சட்டியக்கூட தேச்சுக் கழுவி வச்சிருக்காவ! அத்தானுக்கு இப்படித் தோணுமா?"

அப்போதே போய்ச் சொல்லியிருக்கலாம். தப்பு செய்தவனுக்குத் திட்டு வாங்குவது ஒன்றும் பெரிய கஷ்டமில்லை. பாராட்டு விழுந்துவிட்டால்தான் வாய் அடைத்துப்போகிறது. எனக்கும் அடைத்துப்போனது.

மத்தியானம் அதே சட்டியில் சின்ன வெங்காயம் போட்டு உள்ளித் தீயல். எனக்குப் பரிமாறிவிட்டு அவளும் உட்கார்ந்தாள். சோற்றைப் பிசைந்தாள். சொல்லு, சொல்லு என்று மனசு அடித்துக்கொள்கிறது. அவள் ஒரு வாய் சாப்பிட்டும் விட்டாள். அடுத்த உருண்டையை எடுக்கும்போதுதான் எனக்கு வார்த்தை வந்தது.

"அந்தச் சட்டியில நான் முட்டை வச்சேன்."

அவள் கை அப்படியே நின்றது. எழுந்துபோய் வாய் கொப்பளித்தாள். வெகுநேரம் கொப்பளித்தாள். அந்தச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு தட்டுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தேனே… உடம்பெல்லாம் கூசியது. இந்த வயதில் இப்படி ஒரு வெட்கம் வேண்டுமா எனக்கு?

திட்டுவாள் என்று பார்த்தேன். திட்டவில்லை.

"சட்டி ஒடஞ்சு போச்சுன்னு நெனச்சுக்கிடுவேன். அக்காட்ட பெருமையா சொல்லிட்டேனே… அத இனி என்ன செய்ய?"



சாயங்காலம் போன். அவளுடைய அக்கா வீட்டுக்காரர், என் சகலை. "ஏ மக்கா, என்ன வேல பாத்து வச்சிருக்க? இவ காலையிலேருந்து ஒன்னயச் சொல்லியே எனக்க உயிர எடுக்கா. செரி, மண்சட்டிய என்னத்த வச்சு தேச்ச?"

"கஞ்சித்தண்ணி ஊத்திக் கொதிக்க வைக்கணும். பொறவு தேங்கா நாரு" என்றேன். ஆமாம், சொன்னேன். பக்கத்தில் நின்று மனைவி என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

போனை வைத்ததும் சொன்னாள். "நான் அக்காட்ட மாத்திச் சொல்ல மாட்டேன். நீங்க பத்திரிகையில வாரவாரம் எழுதுகத அவ விடாம படிக்கா. எழுதுங்க."

எழுதிவிட்டேன்.

ஆரல்வாய்மொழி மைனி, வாசித்தாச்சா? சகலையைத் திட்டுவதை இன்றோடு நிறுத்திவிடுங்கள்… அவர் என்னைவிட எவ்வளவோ தேவலை!