வேப்பிலை கட்டிய வீட்டில் பானகம்

நான் பொய் சொன்னேன்.

அம்மை கண்டிருந்த வீட்டுக்குள், நான்கு மாதக் கர்ப்பிணி ஒருத்தியை அழைத்துப்போய் உட்காரவைத்தேன். பானகம் குடிக்கவைத்தேன். மறுநாள் அவள் தொலைபேசியில் கேட்டபோது, அந்த வீட்டில் அம்மையே இல்லை என்று சொன்னேன். குரல்கூட மாறவில்லை எனக்கு!

இதை உங்களிடம் ஏன் சொல்கிறேன்? நீங்கள் என்றாவது என் பின்னால் நடந்து வந்தவராக இருக்கலாம். இனிமேல் வரப்போகிறவராகவும் இருக்கலாம். உங்கள் முன்னால் சிரித்துக்கொண்டு நிற்கிறவன் யார் என்று தெரிந்துகொள்வது உங்களுக்கு நல்லது.

என் தொழில் ஊர் சுற்றிக் காட்டுவது. வாய்க்கு ருசியாகச் சுற்றிக் காட்டுவது. மேகமலைக்கும் சுருளிக்கும் வருகிற வெளியூர்க்காரர்களைச் சாயங்காலத்தில் உத்தமபாளையத்தின் பழைய தெருக்களுக்குள் நடத்திக் கூட்டிப்போவேன். முதலில் ஒரு தள்ளுவண்டியில் பருத்திப்பால். அப்புறம் பள்ளிவாசல் பக்கத்துச் சந்தில் ஒரு ராவுத்தர் வீட்டில் நெய் வழிகிற தம்ரூட் என்கிற ரவை இனிப்பு. கோயில் தெருவில் சுடச்சுட முறுக்கு. கடைசியில் ஒரு பணியாரக் கடை. நடுநடுவே பேச்சு... இந்தத் தூண் எந்தக் காலத்தது, இந்தச் சந்தில் யார் குதிரை கட்டினார்கள் என்றெல்லாம் அளந்துவிடுவேன். பாதி உண்மை, பாதி அந்த நேரத்தில் வாயில் வந்தது. யாரும் சரிபார்த்ததில்லை.

பேச்சுதான் என் பிழைப்பு. அந்தப் பேச்சை வைத்துத்தான் அந்தப் பெண்ணின் வாழ்க்கையைக் கெடுத்தேன்.

அது ஒரு சித்திரை மாதம். சென்னையிலிருந்து ஒரு சிறு கூட்டம் வந்திருந்தது. அதில் நந்தினியும் அவள் கணவனும் இருந்தார்கள். நடக்கத் தொடங்குமுன் என்னைத் தனியே அழைத்து, வெட்கத்தோடு சொன்னாள்.

"அண்ணா, நான் கன்சீவா இருக்கேன். நாலாவது மாசம். கொஞ்சம் மெதுவா நடந்தா நல்லாயிருக்கும். மூணு மாசமா எதைத் தின்னாலும் வாந்தி. இப்பத்தான் பசின்னு ஒண்ணு எட்டிப் பாக்குது. அதான் அத்தை வேணாம்னு சொல்லியும் கிளம்பி வந்துட்டேன்."

தளர்ந்த உடுப்பு. சொல்லாவிட்டால் எனக்கே தெரிந்திருக்காது. சொன்னாள். ஆகவே எனக்குத் தெரியும்! இதை நீங்கள் மறக்கக்கூடாது. நானும் மறக்க முயன்று தோற்றவன்தான்.

அந்தக் கூட்டத்தில் இன்னொருவன் இருந்தான். தான் தின்பதையெல்லாம் படம் பிடித்து இணையத்தில் போடுகிறவன். அவனைப் பின்தொடர்கிறவர்கள் ஏராளம். அவன் அடிக்கடி, "இதெல்லாம் எல்லா ஊர்லயும் இருக்கே பாஸ், வேற ஏதாவது ஸ்பெஷலா இல்லையா?" என்று கேட்டுக்கொண்டே வந்தான். எனக்குச் சுருக்கென்றது. என் ஊரை ஒருவன் "எல்லா ஊர்லயும் இருக்கே" என்று சொல்வதா!

பணியாரக் கடைக்குப் போனால் பூட்டியிருந்தது. வீரபாண்டி கௌமாரியம்மன் திருவிழா நெருங்கியிருந்தது. பார்வை போன ராஜாவுக்குக் கண் கொடுத்த அம்மன் என்று கூட்டத்துக்கு வழியிலேயே கதை சொல்லியிருந்தேன். கடைக்காரர் கையில் காப்புக் கட்டிக்கொண்டு, தீச்சட்டி எடுக்கப் போய்விட்டார். சித்திரையில் பாதி ஊர் அங்கேதான் இருக்கும் என்பது இங்கே கைக்குழந்தைக்கும் தெரியும். உள்ளூர்க்காரனான நான் ஒரு போன் செய்து கேட்டுக்கொள்ளவில்லை. பூட்டிய கதவின் முன் அசடு வழிய நின்றேன்.

அப்போதுதான் இரண்டு வீடு தள்ளி, சின்னத்தாய் அக்காள் வாசலில் வேப்பிலைக் கொத்துகள் தொங்குவதைப் பார்த்தேன். அக்காளை எனக்குப் பல வருடப் பழக்கம். கூட்டத்தை நிறுத்திவிட்டு நான் மட்டும் போனேன்.

அக்காளின் மகனுக்கு அம்மை. அன்று காலையில்தான் முதல் தண்ணீர் ஊற்றியிருந்தார்கள். எங்கள் பக்கம் அம்மை கண்ட வீட்டில் தாளிப்பு கிடையாது. எண்ணெய்ச் சட்டியே அடுப்பில் ஏறாது. அம்மன் வந்து தங்கியிருப்பதாகப் பயபக்தியோடு நடமாடுவார்கள். பிள்ளைக்கு மஞ்சளும் வேப்பிலையும் போட்ட தண்ணீரைத் தலைக்கு ஊற்றிய பின், பச்சரிசியும் வெல்லமும் இடித்த துள்ளுமாவும் பானகமும் அம்மனுக்குப் படைத்துவிட்டுத் தெருப் பிள்ளைகளுக்குக் கொடுப்பார்கள். அந்தப் படையல் ஒரு பாத்திரம் நிறைய இருந்தது.

என் மண்டைக்குள் விளக்கு எரிந்தது. ஸ்பெஷலாகக் கேட்டானே... இதோ!

"அக்கா, வெளியூர்ப் பிள்ளைக வந்திருக்காக. ஆத்தா பிரசாதம் ஆளுக்குக் கொஞ்சம் குடுக்கிறியா?"

அக்காள் தயங்கினாள். "குடுக்கிறதுக்கு என்னடா, ஆத்தா படையல். ஆனா சின்னவனுக்குத்தான் தண்ணி ஊத்தியிருக்கு. பெரியவளுக்கு நேத்துத்தான் முத்துப் போட்டு உள்ள படுத்திருக்கா. விவரம் சொல்லித்தான கூட்டியாந்திருக்க?"

"சொல்லிட்டேன்க்கா."

"முழுகாம இருக்கவுக யாரும் இருக்காகளா? இருந்தா வாசப்படி தாண்ட வேணாம்னு சொல்லிரு. வாசல்லயே குடுத்துருவோம்."

"அப்படி யாருமில்லக்கா."

ஏன் அப்படிச் சொன்னேன்? எத்தனையோ முறை என்னையே கேட்டுவிட்டேன். ஆம் என்றால் எல்லாவற்றையும் விளக்கவேண்டும். விளக்கினால் பாதிப்பேர் வாசலிலிருந்தே திரும்பிவிடுவார்கள். அவன் படம் பிடிக்கமாட்டான். அவ்வளவுதான். அதற்குமேல் ஆழமான காரணம் எதுவும் எனக்குக் கிடைக்கவில்லை. இருந்தால் ஆறுதலாக இருந்திருக்கும்!

கூட்டத்திடம் வந்து, வீரபாண்டித் திருவிழாவை ஒட்டி வீட்டுக்கு வீடு நடக்கிற படையல் இது என்றேன். எந்த வழிகாட்டியும் இதைக் காட்டமாட்டான் என்றேன். அந்தக் கடைசி வாக்கியம் மட்டும் சத்தியமான உண்மை.

கூடத்தில், நாங்கள் பட்டாசாலை என்று சொல்கிற அந்த நடு அறையில், எல்லோரும் சம்மணம் போட்டு உட்கார்ந்தார்கள். ஒரு பழஞ்சேலையைத் திரையாகக் கட்டியிருந்தார்கள். அந்தப் பக்கம் அக்காளின் மகள் வேப்பிலை பரப்பிய பாயில் முனகிக்கொண்டு படுத்திருந்தாள். "பாப்பா தூங்குதா?" என்று நந்தினி மெல்லிய குரலில் கேட்டாள். தலையாட்டினேன். திரையின் ஓரமாக அவள்தான் உட்கார்ந்திருந்தாள். அங்கேதான் மின்விசிறிக் காற்று வந்தது.

பானகத்தை இரண்டு டம்ளர் வாங்கிக் குடித்தாள். "அண்ணா, மூணு மாசத்துல முதல் தடவையா ஒண்ணு உள்ள போய் உள்ளேயே நிக்குது" என்று சிரித்தாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. ஆம், பெருமை! அந்த நிமிடத்தில் எனக்குள் இருந்தது அதுதான்.

மறுநாள் காலை, ஸ்பெஷல் கேட்டவன் அந்த வீட்டில் எடுத்த படம் இணையத்தில் வந்தது. என்னைப் புகழ்ந்திருந்தான். டீக்கடையில் உட்கார்ந்து அதைத் திரும்பத் திரும்பப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் நந்தினி அழைத்தாள்.

"அண்ணா, நேத்து எடுத்த போட்டோவை அம்மாவுக்கு அனுப்பினேன். வாசல்ல வேப்பிலை சொருகியிருக்கே, அம்மை போட்ட வீடான்னு பயப்படுறாங்க. எனக்குச் சின்ன வயசுல வந்ததே இல்ல. அப்படி இருந்தா உடனே டாக்டரைப் பாக்கணுமாம். மலைக்குப் போகவே கூடாதாம்."

பாருங்கள், அவள் எவ்வளவு தெளிவாகக் கேட்டாள்! பதில் சொல்ல எனக்கு எவ்வளவு வசதியான கேள்வி!

"ஐயோ, அதெல்லாம் ஒண்ணுமில்லம்மா. திருவிழா நேரத்துல இங்கன எல்லா வீட்லயும் வேப்பிலை கட்டுவாக."

"நிச்சயமாத்தானே அண்ணா?"

"நிச்சயமா."

"நீங்க சொன்னாச் சரி. அம்மா சும்மா பயமுறுத்திட்டாங்க" என்றாள். பின்னால் கார் கிளம்புகிற சத்தம் கேட்டது. மேகமலைக்குப் புறப்பட்டுவிட்டார்கள்.

டீயை முடிக்கவில்லை. கர்ப்பிணிக்கு அம்மை தொற்றினால் என்ன ஆகும் என்று போனில் தேடினேன். பெரும்பாலும் ஒன்றும் ஆகாது, சிலருக்கு ஆகும் என்றிருந்தது. சில நாட்களுக்குள் மருத்துவரிடம் போனால் போடுவதற்கு ஊசி ஒன்று இருக்கிறது என்றும் இருந்தது. அந்த வரியை நான் வாசித்தேன். வாசிக்கவில்லை என்று சொல்லித் தப்பிக்க முடியாது.

கூப்பிட்டுச் சொல்லியிருக்கலாம். மேகமலையில் டவர் கிடைக்காது என்று நினைத்துக்கொண்டேன். கூப்பிட்டே பார்க்காதவனுக்குக் கிடைக்காது என்பது எப்படித் தெரியும்? மலையிலிருந்து இறங்கியதும் சொல்லலாம் என்று தள்ளிப்போட்டேன். இறங்கியிருப்பார்கள் என்று தெரிந்த பிறகு, இப்போது சொன்னால் 'அன்றைக்கே ஏன் சொல்லவில்லை' என்பாளே என்று தள்ளிப்போட்டேன். அக்காளுக்குக் கெட்ட பெயர் வருமே என்றும் ஒரு சாக்கு வைத்திருந்தேன். அக்காளின் பெயரைப் பற்றி எனக்கு என்ன கவலை! என் பெயர்தான்...

அதன்பிறகு ஒருநாள் அக்காள் கேட்டாள். "அன்னைக்கு வந்த பிள்ளைக எல்லாம் நல்லா இருக்காகளாடா? ஆத்தா வீட்டுக்கு வந்து போனவுக, விசாரிச்சியா?"

"நல்லா இருக்காகக்கா" என்றேன். விசாரிக்காமலே சொன்னேன்.

ஏறக்குறைய ஒரு வருடம் ஆனபிறகு நந்தினியின் பெயர் என் போனில் ஒளிர்ந்தது. எடுக்காமல் விட்டேன். மறுபடியும் அடித்தது. எடுத்தேன்.

அவள் திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். அவளோ, "அண்ணா, ஞாபகம் இருக்கா?" என்று தொடங்கினாள். ஊர் திரும்பிய கொஞ்ச நாளில் காய்ச்சல் வந்ததாம். அப்புறம் உடம்பெல்லாம் அம்மை. பெண் குழந்தை பிறந்தது. ஒரு கண்ணில் வெள்ளையாகப் படலம். அறுவை சிகிச்சை செய்தும் அந்தக் கண்ணில் பார்வை இல்லை. வயிற்றில் இருந்தபோது வந்த அம்மையால் இருக்கலாம் என்று மருத்துவர் சொன்னாராம்.

"எங்க ஒட்டிச்சுன்னே தெரியல அண்ணா. டாக்டர் கேட்டாங்க. அம்மை இருந்த வீட்டுக்குப் போனீங்களான்னு. இல்லவே இல்லை, சந்தேகப்பட்டு கைடு அண்ணாகிட்டயே கேட்டுட்டேன்னு சொன்னேன்."

போனை அடுத்த காதுக்கு மாற்றினேன்.

"நீங்கதானே சொன்னீங்க, பார்வை போன ராஜாவுக்குக் கண் குடுத்த அம்மன்னு. அத்தை வேண்டிக்கிட்டாங்க. கண்மலர் சாத்த வர்றோம். உங்களைத் தவிர அங்க எங்களுக்கு யாரைத் தெரியும்?"

வந்தார்கள். கூட்டிப்போனேன். வீரபாண்டியில் கண் வடிவத்தில் செய்த வெள்ளித் தகடுகளை வாங்கிக் கொடுத்தேன். குழந்தை கணவன் தோளில் இருந்தது. வலப்பக்கம் கையசைத்தால் சிரித்தது. இடப்பக்கம் அசைத்தால் திரும்பவே இல்லை. இதைச் சோதித்துப் பார்த்தவன் நான்தான். சோதிக்காமல் இருக்க முடியவில்லை!

சாமி கும்பிட்டு வெளியே வந்ததும் நந்தினியின் மாமியார் என்னிடம் நேராகக் கேட்டார். நல்ல மனுஷிதான், அழுது அழுது கடுமையாகிப்போனவர்.

"தம்பி, நீங்களே சொல்லுங்க. அன்னைக்கு நீங்க கூட்டிட்டுப் போன எடத்துல எங்கேயாவது அம்மை இருந்துச்சா?"

நந்தினி என்னைப் பார்த்தாள். கணவனும் பார்த்தான். பின்னால் பந்தலுக்கு மூங்கில் இறக்கிக்கொண்டிருந்தார்கள். இத்தனை நாள் நான் தள்ளிப்போட்டதெல்லாம் ஒரே கேள்வியாக வந்து நின்றது. ஆமாம் என்ற ஒரு சொல் போதும்.

"இல்லம்மா" என்றேன்.

அவர் மருமகள் பக்கம் திரும்பினார். "கேட்டுக்கிட்டியா? அவர் கூட்டிட்டுப் போன எடத்துல ஒண்ணுமில்லையாம். அப்ப நீதான் போற வழியெல்லாம் எறங்கி எறங்கித் தின்ன. வேணாம் வேணாம்னு தலையா அடிச்சுக்கிட்டேன். நாக்கு ருசிக்குப் புள்ளையோட கண்ணை வித்துட்டா தம்பி இவ!"

நந்தினி தலை குனிந்து, குழந்தையின் கால் கொலுசைச் சரிசெய்தாள். அது சரியாகத்தான் இருந்தது. அவர்கள் வீட்டில் இந்தப் பேச்சு முதல்முறை அல்ல என்பது அந்தக் குனிவிலேயே எனக்குத் தெரிந்தது. கணவன் பந்தல் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றான். அவனும் அதை நம்பத் தொடங்கியிருக்கிறான் போலும்.

"அவுகள ஏசாதீகம்மா, அவுக மேல என்ன தப்பு" என்றேன். என்னால் முடிந்தது அதுதான். அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். கண் கலங்கியிருந்தது. அது நன்றி... எனக்கு!

அந்த வீட்டில்தான் தொற்றியது என்று எவன் நிரூபிக்க முடியும் என்று இப்போதும் சில சமயம் எனக்குள் வழக்காடுகிறேன். சித்திரை மாதம், ஊரெல்லாம் அம்மை, எங்கிருந்தும் வந்திருக்கலாம். இருக்கலாம்தான். ஆனால் ஊசி போட்டுக்கொள்ளும் வாய்ப்பை அவளிடமிருந்து பறித்தது நான். தன்மேல் பழி இல்லை என்று காட்ட அவளுக்கு இருந்த ஒரே சாட்சியும் நான். இரண்டு முறையும் பொய் சொன்னேன்.

இன்றும் நடக்கிறேன். இன்றும் பேசுகிறேன். சின்னத்தாய் அக்காள் தெருவை மட்டும் தவிர்த்துவிட்டு வேறு வழியாகச் சுற்றிப்போகிறேன். விருந்தினர்கள் கவனிப்பதில்லை.

போன வாரம் நந்தினி கூப்பிட்டாள். இந்தச் சித்திரைக்கும் வருகிறார்களாம்.

"நீங்க கண்டிப்பா கூட வரணும் அண்ணா. நீங்க பக்கத்துல இருந்தா அத்தை என்னைத் திட்டுறதைக் கொஞ்சம் கொறைச்சுக்கிறாங்க. எனக்காகப் பேசுற ஆள் நீங்க ஒருத்தர்தான்."

"வாங்கம்மா, நான் இருக்கேன்" என்றேன்.