தேடியபோது கிடைக்காத பெயர்

எங்கள் செய்தித்தளத்தில் அவளைச் சல்லடை என்றுதான் கூப்பிடுவோம். அந்தப் பெயரை வைத்தவன் நான். அதற்காக முதுகில் ஒரு அறையும் வாங்கியிருக்கிறேன். நான் தலைப்பு எழுதுகிறவன், அவளுக்குப் பக்கத்து மேசை. நிருபர்கள் அனுப்புவதை இணையத்தில் அப்படியே ஏற்ற முடியாது. நாலு வரிச் செய்தியைச் சுற்றி நாற்பது வரி எச்.டி.எம்.எல். குப்பை ஒட்டிக்கொண்டு வரும்: எழுத்துரு, நிறம், ஸ்பான் என்று எழுத்துகளுக்கு நடுவே ஒளிந்திருக்கும், ஒன்றுக்கும் உதவாத கணினிக் குறிகள், அதாவது டேக்குகள். அதையெல்லாம் டெக்ஸ்ட் எடிட்டரில் தேடிப் பிடித்து, 'மாற்று' என்ற பெட்டியைக் காலியாக விட்டு, ஒரே அழுத்தலில் ஒழித்துக்கட்டி, செய்தியைத் தளத்தில் ஏற்றுவது அவள் வேலை.

வேலை என்றா சொன்னேன்? கொலை. "செத்துத் தொலை" என்று பல்லைக் கடித்துக்கொண்டுதான் விசையைக் குத்துவாள். இரண்டு கீபோர்டுக்குச் சமாதி கட்டியாகிவிட்டது. ஆனால் கண்ணை மூடிக்கொண்டு அடிக்க மாட்டாள். முதலில் ஒன்றைத் தேடி, முன்னே பின்னே என்ன இருக்கிறதென்று பார்த்துவிட்டுத்தான் மொத்தத்தையும் அழிப்பாள்.

கோபம் அவர்கள் குடும்பச் சொத்து. தம்பி லாரி ஷெட்டில் மூட்டை தூக்குகிறவன். அவனுக்குக் கை முன்னால் போகும், பேச்சு பின்னால் வரும். போன மாதம் ஒருவனின் பல்லை உதிர்த்தான். குறுக்கே விழுந்து தடுத்த அக்காவின் மணிக்கட்டு இன்னும் நீலம் பாரித்திருந்தது. "சின்னதுல இருந்து நான் தூக்கி வளர்த்தவன்" என்பாள். தான் ஆடாவிட்டாலும் தன் சதை ஆடுமே. அவனுக்கும் அவள் மேல் ஒரு பெருமை உண்டு. அக்கா வேலை பார்க்கிற இடமென்று எங்கள் செய்தி அறிவிப்பைத் தன் போனில் வைத்திருந்தான்.

அன்று மதியம், லாரி ஷெட்டில் அடிதடி, ஒருவன் செத்துவிட்டான் என்று தகவல் வந்தது. சல்லடை தம்பிக்குப் போன் போட்டாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது, அவன் எடுக்கவில்லை. நிருபரின் செய்தி வந்ததும் அவள் படிக்கக்கூட முயலவில்லை. அந்த டேக் காட்டுக்குள் எதைப் படிப்பது? தம்பியின் பெயரை அடித்துத் தேடினாள்.

பூஜ்யம்.

வயிற்றில் பாலை வார்த்தது போல இருந்திருக்கும். "அவன் இல்ல! கழுதை எங்கயோ படுத்துத் தூங்குது" என்று சிரித்தாள். என் டீயைப் பிடுங்கிக் குடித்துவிட்டுச் சுத்தம் செய்ய உட்கார்ந்தாள். டேக்குகள் உதிர உதிரச் செய்தி வெளியே வந்தது. செத்தவன் ஒரு லாரி டிரைவர். கடப்பாரையால் பின்னந்தலையில் மூன்று அடி. கீழே விழுந்து கையெடுத்துக் கும்பிட்டும் விடவில்லை. கடைசி டேக் போனதும் அவள் கை நின்றுவிட்டது.

எட்டிப் பார்த்தேன். அவள் தம்பியின் பெயர் இருந்தது. நிருபரின் மென்பொருள் அந்தப் பெயரின் நடுவே ஒரு டேக்கைச் செருகி இரண்டாகப் பிளந்து வைத்திருந்தது. அதனால்தான் தேடியபோது சிக்கவில்லை. குப்பை போனதும் ஒட்டிக்கொண்டது. செத்தவனாக இல்லை, கொன்றுவிட்டு ஓடியவனாக.

மறுபடி தேடினாள். ஒன்று என்று காட்டியது. 'மாற்று' பெட்டி காலியாகவே இருந்தது. ஒரு அழுத்தல் போதும். அழுத்திவிடு என்று சொல்ல வாயெடுத்தேன்.

கதவு படாரென்று திறந்தது. தம்பி. சட்டை முழுக்க ரத்தம். அவனுடையது இல்லை.

"அக்கா, என் பேரு வந்திருக்கா?"

"வந்திருக்கு."

"எடுத்துடு. தினம் அதத்தானே பண்ற?"

"குப்பையத்தான்டா எடுப்பேன். நடந்தத எடுக்க மாட்டேன். கும்பிட்டவன அடிச்சிருக்கியே, பாவி!"

அவன் அவள் முடியைக் கொத்தாகப் பிடித்துத் தலையை மேசையில் மோதினான். மறுபடியும் மோதினான். நாற்காலியைத் தூக்கி அவன் முதுகில் இறக்கினேன். எருமை, அசையவில்லை. கணினித் திரையைப் பிடுங்கித் தரையில் அடித்தான். கண்ணாடிச் சில் என் கன்னத்தைக் கிழித்தது.

"இப்பப் போடு, பாக்கலாம்!"

அவள் உதட்டு ரத்தத்தைப் புறங்கையால் துடைத்தாள். அழுதுகொண்டிருந்தாள்.

"நீ முடியப் புடிச்சப்பவே அனுப்பிட்டேன்டா."

அவன் சட்டைப் பையில் இருந்த போன் டிங் என்றது. எடுத்துப் பார்த்தான். அவன் பெயர் உடையாமல், முழுசாக இருந்தது.