மெக்சிகோக்காரர் படத்துக்கு நான் சொன்ன கதை

எண்பதுகளின் தொடக்கத்தில், கம்பைநல்லூரில் உலக சினிமா பேச என்னை விட்டால் ஆள் கிடையாது. ஆலை இல்லாத ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை. ஒரு மெக்சிகோ இயக்குநரைப் பற்றி ஏதோ சினிமாப் பத்திரிகையில் இரண்டு பக்கம் படித்திருந்தேன். வாழ்நாள் முழுக்கச் சரித்திரப் படங்களே எடுத்தவர். பெரிய நடிகர்கள் வராததால் ஊர்க்காரர்களையே படைவீரர்களாக நிறுத்தியவர். சொந்த நாட்டிலேயே யாருக்கும் தெரியாதவர். அந்தக் கடைசித் தகுதியில்தான் நான் கவிழ்ந்தேன். யாருக்கும் தெரியாதவரை எனக்குத் தெரியும் என்றால் எவ்வளவு பெரிய கௌரவம்! அவர் படம் ஒன்றைக்கூட நான் பார்த்ததில்லை. பேசுவதற்கு அது தடையாகவும் இல்லை. டீக்கடையில் நான் வாயைத் திறந்தால் பெஞ்சு காலியாகும்.

“அந்த மெக்சிகோக்காரரு நம்ம வூட்டுக்குச் சோத்துக்கு வர்றாருன்னா முன்னாடியே சொல்லிடுங்க, ஒலையில சேத்துப் போடறேன்” என்பாள் மனைவி.

தருமபுரியில் இருந்த எங்கள் திரைப்படச் சங்கத்துக்கு அவர் படப்பெட்டி ஒன்று வந்தது. படம் சொத்தையாக இருந்துவிட்டால் இத்தனை வருடம் அளந்ததெல்லாம் என்ன ஆவது? ஆனாலும் வீம்பு விடவில்லை. பக்கத்துக் கிராமத்துச் சாமியாரிடம், அதாவது பாதிரியாரிடம், கேட்டு மாதா கோயில் மைதானத்தில் திரை கட்டினேன். தவக்காலத்தில் ஏசுவின் பாடுகளை நடிக்கும் பாஸ்கா நாடகம் நடக்கும் இடம் அது. நாடகத்தின்போது ஒருவர் ஓரமாக உட்கார்ந்து மைக்கில் கதை சொல்வார். படம் ஸ்பானிய மொழி என்பதால் அந்த நாற்காலியை நானே பிடித்துக்கொண்டேன்.

வேதக்காரர்களான கிறிஸ்தவர்களும் மற்ற குடியானவர்களும் பாயோடு வந்து கலந்து உட்கார்ந்தார்கள். இருட்டியதும் படம் ஓடியது. பண்ணையாரை எதிர்க்கும் விவசாயிகள், அவர்கள் பக்கம் நிற்கும் ஒரு சாமியார். கீழே ஓடிய ஆங்கிலத்தில் பாதி எனக்குப் புரியவில்லை. புரியாத இடங்களைச் சொந்தச் சரக்கால் நிரப்பினேன். பட்டாளம் சாமியாரைச் சுட்டது. உடலைக் கட்டிலில் வைத்துத் தூக்கி வந்தார்கள். படத்தில் சத்தமே இல்லை. மிஷின் கோளாறு என்று நினைத்து, “இங்கே இயக்குநரின் கலைநுட்பத்தைக் கவனியுங்கள்” என்று ஆரம்பித்தேன்.

முன்னால் இருந்த ஒரு பெண் முக்காடு போட்டுக்கொண்டு எழுந்தாள். அவளைப் பார்த்து மைதானமே எழுந்தது. வேதக்காரர்கள் இறந்தவருக்கான செபத்தைத் தொடங்கினார்கள். மற்றவர்கள் தோள் துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நின்றார்கள். படம் கெட்டது என்று எனக்குக் கோபம் வந்தது.

“உக்காருங்க, இது வெறும் சினிமாங்க” என்றேன் மைக்கில்.

“தெரியுதுங்க சார். சாமியாரு போறாருங்க. நீங்க கொஞ்சம் பேசாம இருங்க” என்றாள் அந்தப் பெண்.

மைக்கை அணைத்தேன். ஊர்வலம் திரையைக் கடக்கும்வரை செபம் நடந்தது. கடந்ததும் படத்தில் சத்தம் தானாகத் திரும்பி வந்தது. மிஷினில் ஒரு கோளாறும் இல்லை. அந்த மெக்சிகோக்காரர் வேண்டுமென்றே சத்தத்தை எடுத்துவிட்டிருக்கிறார். பெரிய கலைஞர்தான். எனக்கு அழுகை வந்தது. கண்ணைத் துடைத்துக்கொண்டு பார்த்தபோது, அந்த மைதானத்தில் இன்னும் உட்கார்ந்திருந்தது நான் மட்டும்தான்.