நஞ்சுண்டன் என்கிற மணி

கட்டைவிரலாலும் ஆள்காட்டி விரலாலும் தன் தொண்டையைப் பிடித்தபடி, பேருந்தில் பக்கத்து இருக்கைக்காரருக்கு நஞ்சுண்டன் கதை சொல்லிக்கொண்டிருந்தார்.

"இங்க புடிச்சுப்போட்டாங்க பார்வதி ஆத்தா. இதுக்குக் கீழ எறங்கியிருந்தா அவ்வளவுதானுங்க. கழுத்தோட நின்னுபோச்சு. அந்தச் சாமி பேருதானுங்க எனக்கு. நஞ்சுண்டன்."

கேட்டவர் இவர் பேரைக் கேட்கவே இல்லை. வண்டி நரசிம்மநாயக்கன்பாளையத்தில் நிற்குமா என்றுதான் கேட்டார். அதனால் என்ன? கோவை காந்திபுரத்தில் ஏறினால், பெரியநாயக்கன்பாளையத்தில் இறங்குவதற்குள் அண்ணன் பாற்கடலைக் கடைந்து முடித்துவிடுவார். துடியலூர் தாண்டும்போது வாசுகி நஞ்சைக் கக்கியாக வேண்டும். வழியில் ரயில்வே கேட் சாத்தியிருந்தால் மந்தர மலையின் உயரம் கொஞ்சம் கூடும்.

ஐம்பதைத் தொட்ட ஒல்லி உடம்பு. சட்டைப் பையில் எப்போதும் ஒரு டெஸ்டர். பம்புசெட் மோட்டார் செய்யும் பட்டறையில் வைண்டிங் வேலை. செம்புக் கம்பியைச் சுற்றிச் சுற்றிச் சுருள் கட்டுகிறவர், பக்கத்தில் வந்தாலே வார்னிஷ் வாசனை வரும். எங்கள் வீட்டுக் கிணற்று மோட்டார் படுத்த அன்றுதான் எனக்குப் பழக்கமானார். ஸ்க்ரூடிரைவரின் முனையை மோட்டாரில் ஊன்றி, பிடியைக் காதில் வைத்துக் கண்ணை மூடினார். "பேரிங் அழுவுதுங்க தம்பி" என்றார். அதைக் கழற்றி மாட்டுவதற்குள் எனக்கும் பாற்கடல் ஆயிற்று.

சாமி நஞ்சையே தின்றார். நம்மவரோ நேற்றுக் குழம்பைத் தொடமாட்டார். சோறு கொஞ்சம் குழைந்தாலும் முகம் சுளிப்பார். அவருடைய மனைவி பொன்னாத்தாளுக்கு இதில் தீராத சிரிப்பு. "வெசத்தத் தின்ன சாமி பேர வெச்சுக்கிட்டு, இவியளுக்குப் பழைய கொழம்பு ஆகாதாமுங்க!" என்பார். 'நஞ்சு' என்ற சொல்லை மட்டும் பொன்னாத்தாள் சொல்லமாட்டார். புருஷன் பேரில் பாதி அது. நஞ்சை நிலத்தைக்கூட 'தண்ணி பாயற காடு' என்று சுற்றி வளைத்துத்தான் சொல்வார்.

பேர் வந்த கதையைப் பேருந்தில் சொல்லமாட்டார். அது எனக்கு மெதுவாகத்தான் கிடைத்தது. இவருக்கு முன்னால் பிறந்த இரண்டும் தங்கவில்லை. மூன்றாவது முறை வயிற்றில் வந்தபோது இவருடைய அம்மா திம்பம் மலையேறி, மைசூர்ச் சீமையிலிருக்கும் நஞ்சன்கூட்டுக்குப் போனார். கபிலை ஆற்றில் முழுகி, ஈரச் சேலையோடு நஞ்சுண்டேசுவரர் முன்னால் நின்றார். "அத்தனை நஞ்சையும் தின்னு செமிச்சவன் நீ. இந்த ஒண்ணையாச்சும் காப்பாத்திக் குடு. உன்ற பேரையே வெக்கறேன்" என்று வேண்டிக்கொண்டார். இப்படி வேண்டிப் பெற்றவர்கள் எங்கள் பக்கத்தில் நிறையப் பேர். நஞ்சப்பன், நஞ்சம்மாள், நஞ்சுண்டன் என்று ஊருக்கு நாலு பேராவது இருப்பார்கள். குழந்தைக்கு எந்த விஷமும் ஏறாது என்ற தைரியம்தான் அந்தப் பேர்.

அவ்வளவு தூரம் மலையேறி வாங்கிவந்த பேர், பட்டறை வாசலில் ஒரே மத்தியானத்தில் பறிபோயிற்று.

பட்டறை முதலாளியின் பேரும் நஞ்சுண்டன். அப்போது பட்டறை அவருடைய வீட்டின் பின்கட்டில் இருந்தது. முதலாளியின் மனைவி நாச்சியம்மாள்தான் எல்லாருக்கும் சோறு போடுவார். புதிதாக வேலைக்கு வந்த பையனைச் சாப்பிடக் கூப்பிட வேண்டும். புருஷன் பேர் நாக்கில் வரலாமா? நிலைப்படியில் நின்று தடுமாறியவர், "ஏப்பா... மணி! சோறு திங்க வா கண்ணு" என்றார். இவர் திரும்பிப் பார்த்துவிட்டு, "மணி யாருங்க?" என்று கேட்டார். பட்டறையே சிரித்தது. அன்றிலிருந்து மணி. முதலாளியும் மணி என்றே கூப்பிட்டார். "உன்ற பேரச் சொன்னா, என்னைய நானே கூப்புட்டுக்கற மாதிரி இருக்குதப்பா" என்பாராம்.

வீட்டில் பொன்னாத்தாளுக்கு 'ஏனுங்க'. பிள்ளைகளுக்கு அப்பா. தெருவுக்கு மணி அண்ணன். வாய் நிறைய 'நஞ்சுண்டா' என்று காடு முழுக்கக் கேட்கும்படி கூப்பிட்டவர் அவருடைய அம்மா ஒருத்திதான். அவரும் போய்விட்டார்.

"ஆத்தா போன பொறவு அந்தப் பேரைக் கூப்புட ஆளே இல்லீங்க தம்பி. நானாச் சொல்லிச் சொல்லித்தான் வெச்சிருக்கறேன்."

இதைக் கேட்டதும் பேருந்தில் இவரைப் பார்த்துச் சிரித்ததெல்லாம் ஞாபகம் வந்தது. சரி, நாமாவது கூப்பிடுவோம் என்று வாயைத் திறந்தேன். வயதில் மூத்தவர். அண்ணா என்றுதான் வந்தது.

1997-இல் கம்பெனிக்கு வெள்ளிவிழா வந்தது. முதலாளி காலமாகி இரண்டு வருஷம் ஆகியிருந்தது. பொறுப்பெடுத்திருந்த மகன் மோகன்குமார், பழைய ஆட்களுக்குப் பொன்னாடை போர்த்த ஏற்பாடு செய்தார். சோறு போட்ட அம்மாவே ஒவ்வொருவரையும் பேர் சொல்லி மேடைக்கு அழைக்க வேண்டும் என்பது அவர் ஆசை. நஞ்சுண்டன் தயங்கித் தயங்கி அவரிடம் போய், "மணின்னு வேண்டாமுங்க. ஒரே ஒருக்கா அம்மா வாயில என்ற பேரு வரட்டுமுங்க" என்று கேட்டிருக்கிறார். அப்பாதான் இல்லையே, இனி என்ன தடை என்று மோகன்குமார் நினைத்தார். அம்மாவிடம் சொன்னார். நாச்சியம்மாள் சுவரிலிருந்த புருஷன் படத்தைப் பார்த்துவிட்டு, "பாவம், ஆசைப்படறான். சொல்றேன்" என்றாராம்.

அண்ணனுக்குத் தலைகால் புரியவில்லை. ஆர்.எஸ்.புரம் போய்ப் புதுச் சட்டை எடுத்தார். "மைக்குல தம்பி! பெரியநாயக்கன்பாளையத்துக்கே கேக்கும்" என்று வீடு தேடி வந்து சொல்லி, என்னையும் விழாவுக்கு இழுத்துப்போனார். கல்யாண மண்டபத்தில் முன்வரிசையில் பொன்னாத்தாளை ஒரு பக்கமும் என்னை இன்னொரு பக்கமும் உட்கார வைத்துக்கொண்டார். நாற்காலியின் நுனியில்தான் உட்கார்ந்திருந்தார்.

வெள்ளைச் சேலையில் நாச்சியம்மாள் மைக்கின் முன்னால் வந்து நின்றார். "பீர் முகம்மது, வா கண்ணு" என்றார். வார்ப்படப் பிரிவின் பெரியவர் போய்ப் பொன்னாடை வாங்கிக்கொண்டார். "மாசாணம், வாப்பா." லேத் மாசாணம் போனார். கைதட்டல் அடங்கியது.

அடுத்தது இவர். நஞ்சுண்டன் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார்.

நாச்சியம்மாள் முன்வரிசையைப் பார்த்தார். உதடு பிரிந்தது. சத்தம் வரவில்லை. மறுபடியும் முயன்றார். கண் தளும்பிவிட்டது. மைக்கின் இரைச்சல் மட்டும் மண்டபத்தில் கேட்டுக்கொண்டிருந்தது. மோகன்குமார் அருகே போய் ஏதோ சொன்னார். அம்மா வேண்டாம் என்று தலையசைத்தார். கொடுத்த வாக்கைக் காப்பாற்றிவிடவேண்டும் என்று நிற்பது தெரிந்தது. மூன்றாவது முறை வாயைத் திறந்தபோது அவருடைய வலது கை தானாக எழுந்து தொண்டையைப் பிடித்துக்கொண்டது.

நான் பக்கத்தில் பார்த்தேன். நஞ்சுண்டன் அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். பொன்னாத்தாள் அவருடைய முழங்கையை லேசாகத் தொட்டார்.

வகுப்பில் ஆஜர் சொல்லும் பையனைப் போலக் கையை உயரத் தூக்கிக்கொண்டு அவர் எழுந்தார்.

"மணி வந்துட்டேனுங்கம்மா!"

மண்டபம் சிரித்துக் கைதட்டியது. தூக்கிய கையை இறக்காமலே படியேறிப் போய், பொன்னாடைக்குத் தலையைக் குனிந்தார். அவர் குனிந்த பிறகுதான் நாச்சியம்மாளின் கை கழுத்தை விட்டு இறங்கியது.