காகிதச் செருப்பு

ஐரிஸுக்கு அப்பா வெள்ளைக்காரர், அம்மா சீனத்தி. ஹாங்காங்கில் எங்கள் தெருவில் இரண்டு பக்கத்தாரும் அவளைச் சேர்த்துக்கொள்ளவில்லை. எங்கள் சீன வழக்கங்களைப் பற்றி ஐந்து புத்தகம் எழுதிய பிறகும் அப்படித்தான். எனக்கு அந்தக் கோபம் இன்னும் ஆறவில்லை.

கடைசிப் புத்தகம் போர்க்காலத்தில் கழிந்த அவள் பிள்ளைப் பருவம் பற்றியது. ஜப்பான்காரன் குண்டு போட்ட நாளில் ஆயா ஆ குவாய் தன் துணிச் செருப்பை ஆறு வயது ஐரிஸின் காலில் கட்டிவிட்டு, வெறுங்காலோடு ஓடினாளாம். கூட்டத்தில் பிரிந்தவள் செத்தே போனாள் என்று ஐரிஸ் எழுதியிருந்தாள். இறந்தவர்களுக்கு வேண்டியதை எரித்து அனுப்பும் சிங் மிங் நாளில், வருஷம் தவறாமல் அவளுக்கு ஒரு ஜோடி காகிதச் செருப்பு எரிப்பாள்.

புத்தகத்தில் இருந்த இதையெல்லாம் யாரோ படித்துக் காட்டக் கேட்டு, ஒருநாள் ஆ குவாயே வந்து கதவைத் தட்டினாள்.

"உயிரோட இருக்கறவளுக்கா எரிச்சே? பாதிச் சீனத்தின்னா பாதிதான் விசாரிப்பியா?"

ஐரிஸ் அவளைக் கட்டிக்கொண்டு அழுதாள். "இனிமே எரிக்க மாட்டேன், ஆயா."

"அடி போடி! நிறுத்திடாதே. இத்தனை வருஷமா அங்க யாரோ ஒருத்தி அதைப் போட்டுக்கிட்டு நடந்திருப்பா. அவளை வெறுங்காலோட விட்டுடாதே."