உருட்டிவிட்ட பேனா

நான்கு வருடங்களுக்கு முன், பாப்பாரப்பட்டியில் ஒரு கல்யாண மண்டபத்தில் மாற்றுத்திறனாளிகளுக்கான மருத்துவ முகாம் நடந்தது. நான் அரசு அலுவலகத்தில் கண்காணிப்பாளராக இருந்து ஓய்வு பெற்று ஒரு வருடம் ஆகியிருந்தது. வீட்டில் என் விதிமுறைகளைக் கேட்க ஆள் இல்லாததால், முகாம்களில் மனு எழுதித் தரும் சேவையில் இறங்கியிருந்தேன். எந்தப் படிவத்துக்கு எத்தனை நகல், எதில் யார் கையெழுத்து, எல்லாம் மனப்பாடம். பொய் மனுவை வாசனையிலேயே கண்டுபிடிப்பேன் என்று ஒரு பெருமை வேறு. பெருமைக்கு மட்டும் ஓய்வு வயது கிடையாது.

ஏரியூர் பக்கத்திலிருந்து இரண்டு பஸ் மாறி ஒரு பெண் வந்திருந்தார். இருபத்தைந்து வயது இருக்கும். கழுத்தில் கறுப்புக் கயிற்றில் சின்னச் சிலுவை. இடுப்பில் நான்கு வயது மகள்.

"என்னம்மா குறை?" என்றேன்.

"கண்ணு தெரியலீங்க சார். ஆனா தெரியுதுங்க."

"ரெண்டுல ஒண்ணச் சொல்லும்மா. மனுவுல ஒண்ணுதான் எழுத முடியும்."

"எட்டாம் மாசத்துல பொறந்தவங்க. பொறந்தப்ப அழுவல, ஆஸ்பத்திரியில கண்ணாடிப் பொட்டியில வெச்சிருந்தாங்க. எவர்சில்வர் தட்டுல சோறு வெச்சா தடவிக்கிட்டே கெடப்பா. அதையே மஞ்சத் தட்டுல வெச்சா அள்ளித் தின்னுவா. நான் எதுக்க நின்னா தெரியாது, சத்தம் குடுத்தாத்தான் அம்மான்னு வருவா. கோழி ஓடுனா மட்டும் கரெக்டா பாத்துருவா."

"கோழியத் தெரியும், அம்மாவத் தெரியாது. நல்லாருக்கே கதை" என்றேன். வரிசையில் பின்னால் நின்றவர்கள் சிரித்தார்கள். அந்தப் பெண் சிரிக்கவில்லை.

மனுவை எழுதி முடித்ததும் எனக்கு ஒரு யோசனை வந்தது. குழந்தையை மேசை முன்னால் நிறுத்தச் சொல்லி, என் பேனாவை அவள் பக்கம் உருட்டிவிட்டேன். விளிம்பில் விழப்போன பேனாவை அவள் லபக்கென்று பிடித்துவிட்டாள். பிடிக்கும்போது முகத்தை வேறு பக்கம் திருப்பியிருந்தாள். அதையும் கவனித்தேன். கவனித்ததை எல்லாம் கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும் என்று எந்த விதியும் இல்லையே!

வரிசையைச் சரிசெய்யும் சாக்கில் நானே அவர்களைக் கண் டாக்டரிடம் அழைத்துப் போனேன். இளம் டாக்டர். வெளியே இன்னும் நூறு பேர் நின்றிருந்தார்கள். டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு, "கண்ணுல ஒரு கோளாறும் இல்ல. ஆனா பார்வை ஒரு எடத்துல நிக்கல. சேலத்துல மூளை நரம்பு டாக்டர்கிட்ட அனுப்பிப் பாத்துடலாம்" என்று சொல்லிக் கடிதத்தாளை எடுத்தார்.

அப்போதுதான் நான் வாயைத் திறந்தேன். "டாக்டர், நான் சோதிச்சுட்டேன். உருட்டிவிட்ட பேனாவ டக்குனு புடிக்குறா. போன முகாம்லயும் அடையாள அட்டைக்காக இப்படி நடிச்சுக்கிட்டு ரெண்டு பேரு வந்தாங்க."

அந்த இரண்டு பேர் வந்தது உண்மைதான். டாக்டர் என் நரைத்த தலையையும் சட்டைப்பையில் இருந்த பேனாக்களையும் பார்த்தார். கடிதத்தாள் பழைய இடத்துக்குப் போனது. மனுவில் 'பார்வைக் குறைபாடு இல்லை' என்று எழுதினார்.

"உருண்டாத்தான் தெரியுங்க சார். நின்னுடுச்சின்னா அவளுக்கு அது இல்லீங்க" என்றார் அந்தப் பெண். டாக்டரிடம் சொல்லவில்லை, என்னைப் பார்த்துச் சொன்னார். அடுத்த முகாமில் மறுபடி மனுச் செய்யலாம், அதற்குத் தனிப் படிவம் உண்டு என்று விளக்கினேன். அவர் பாதியிலேயே பஸ்ஸுக்குக் கிளம்பிவிட்டார். நான் திருப்தியோடு டீ குடித்தேன்.

போன வருடம் ஒரு காலை, செய்தித்தாளில் வரிகளின் ஆரம்பத்தையே காணோம். அச்சகத்தைத் திட்டினேன். மதியம் பொரியல் வைக்கவில்லை என்று மனைவியிடம் சண்டை போட்டேன். அவள் தட்டை அரைச்சுற்று சுற்றி வைத்தாள். பொரியல் இருந்தது. இடது தோள் வாசற்கதவில் இடித்துக்கொண்டே இருந்ததால் கண்ணைப் பரிசோதிக்கப் போனேன். பலகையில் இருந்த கடைசி வரி வரைக்கும் தலையைத் திருப்பித் திருப்பிப் படித்தேன். "கண்ணு ரெண்டும் நல்லாருக்கு சார்" என்று அனுப்பிவிட்டார்கள். நன்றாக இருக்கிற கண்ணால் ஏன் பார்க்க முடியவில்லை என்று கேட்டதற்கு, வயதானால் கொஞ்சம் பயம் வரும் என்றார்கள்.

ஒரு வாரம் கழித்து சேலத்தில் ஒரு நரம்பியல் மருத்துவர் ஸ்கேன் எடுத்துப் பார்த்துச் சொன்னார்: மூளையின் பின்பக்கம் சின்னதாக ரத்த ஓட்டம் தடைப்பட்டிருக்கிறது, இரண்டு கண்ணுக்குமே இடது பாதி போய்விட்டது. கண் வாங்கித்தான் கொடுக்கும், பார்ப்பது மூளை என்றார். எனக்குப் புரிந்த மொழியில் சொன்னால், கண் வெறும் தபால் பிரிவு. அங்கே முத்திரை குத்திய கோப்பு பல மேசைகளுக்குப் போக வேண்டும். அசைவதைப் பார்க்க ஒரு மேசை, முகத்தை அடையாளம் காண ஒரு மேசை, நிறத்துக்கு ஒன்று. பிறக்கும்போது மூச்சு முட்டிய குழந்தைகளுக்குச் சில மேசைகளுக்குப் போகும் வழி அடைபட்டுப்போவது உண்டாம். "அசையுற பொருள் தெரியும், அசையாம நின்னா தெரியாது. நடிக்குறாங்கன்னே பல பேர் நினைச்சுடுவாங்க" என்றார்.

அதற்குப் பிறகு அவர் சொன்ன எதுவும் என் காதில் ஏறவில்லை.

எழுதிய மனுவுக்கெல்லாம் நகல் வைத்துக்கொள்வது என் வியாதி. அதில் முகவரி இருந்தது. மனைவியைத் துணைக்கு அழைத்துக்கொண்டு ஏரியூர் தாண்டிப் போனேன். அந்தப் பெண் வாசலில் உட்கார்ந்து நிலக்கடலை ஆய்ந்துகொண்டிருந்தார். பக்கத்தில் மகள், இப்போது ஏழு வயது. அவளுக்கு நேர் எதிரே நின்றேன். அவள் பார்வை என்னைத் தாண்டிப் போனது. வியர்வையைத் துடைக்கக் கையைத் தூக்கினேன். உடனே தலை திரும்பியது. கையை இறக்கிச் சும்மா நின்றதும் மறுபடி நான் அங்கே இல்லாமல் போனேன்.

"இஸ்கூலுக்குப் போறாளா?"

"ஒண்ணாவது சேத்தேங்க. போர்டுல இருக்கிறதப் பாத்து எழுத மாட்டேங்குறா, மக்குன்னு கடைசியில உக்கார வெச்சாங்க. அழுதுகிட்டே வருவா. நிறுத்திப்புட்டேன்."

என் பாதிப் பார்வை போன கதையைச் சொன்னேன். டம்ளரை மகளின் முகத்துக்கு முன் இரண்டு தரம் ஆட்டிக் காட்டித் தண்ணீர் கொடுத்துக்கொண்டே முழுவதையும் கேட்டார். டம்ளரில் மஞ்சள் துணி சுற்றியிருந்தது. எந்த டாக்டரும் சொல்லித் தராமல் அவரே கண்டுபிடித்த வழிகள். நான் முடித்ததும் கேட்டார்:

"உங்களுக்கு யாரும் பேனா உருட்டிப் பாக்கலீங்களா சார்?"

திரும்பும்போது பஸ்ஸில் மனைவி, "என்ன பேனா?" என்றாள். ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

அடுத்த மாதம் அவர்களை என் மருத்துவரிடமே அழைத்துப் போனேன். குழந்தையை ஒரு மணி நேரம் சோதித்தார். பயிற்சி ஆரம்பிக்கலாம், கொஞ்சம் முன்னேற்றம் வரும், ஆனால் மூளை மாற்று வழிகளைச் சுலபமாகப் போட்டுக்கொள்ளும் சின்ன வயது கடந்துபோய்விட்டது என்றார்.

"மூணு வருஷம் முன்னாடி வந்திருந்தா?" என்று கேட்டார் அந்தப் பெண்.

"நல்லா வித்தியாசம் தெரிஞ்சிருக்கும்மா. ஏன் கூட்டிட்டு வரல?"

நான் நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டேன். அவர் என் இடது பக்கம் உட்கார்ந்திருந்தார். அவர் முகம் எனக்குத் தெரியவில்லை. திரும்பிப் பார்க்கத் தைரியமும் இல்லை. குரல் மட்டும் கேட்டது.

"எங்கூர்ல இருந்து பஸ்ஸு வசதி இல்லீங்க சார்."

மருத்துவர் தலையசைத்து அதையே எழுதிக்கொண்டார். அது பொய் என்று தெரிந்த ஒரே ஆள் நான்தான். வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தேன்.

அடையாள அட்டை பிறகு கிடைத்தது. அதற்கான படிவங்களை நானே நிரப்பினேன், ஒரு பிழை இல்லாமல். என் சர்வீஸில் எத்தனையோ கோப்புகளை நிறுத்தி வைத்திருக்கிறேன், அவை அலமாரியில் அப்படியே காத்திருந்தன; ஒரு குழந்தையின் மூளைக்குக் காத்திருக்கத் தெரியாது என்பதை, இடது பக்கம் இருண்டு கிடக்கும் ஒவ்வொரு காலையும் எனக்கு நினைவுபடுத்திக்கொண்டே இருக்கிறது.