தவமலர் அக்கா செய்தது துவக்கு அல்ல

இத்தனை நாள் வாய் திறக்காமல் இருந்தது போதும்.

தவமலர் அக்கா மாரடைப்பால் இறந்த செய்தி, கிளிநொச்சிச் சந்தையில் மரவள்ளிக்கிழங்கு வாங்கிக்கொண்டிருந்தபோது தொலைபேசியில் வந்தது. கிழங்கைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன், ஏனென்று தெரியவில்லை. அன்று பின்னேரமே முகநூலில் உங்கள் அஞ்சலிகள் வரத் தொடங்கின. "துவக்குச் செய்த வன்னிப் பெண்" என்று, ஏதோ துப்பாக்கி செய்தவர் போல, படத்தோடு பகிர்ந்தீர்கள். எட்டாம் நாள் சடங்கான எட்டுச்செலவு முடிவதற்குள் சிவில் உடையில் இருவர் அவர் மகளிடம் வந்து, அந்தத் துவக்கு எங்கே என்று கேட்டிருக்கிறார்கள். திரும்பவும் வருவார்களாம்.

மகள் என்னை அழைத்தாள். "மாமா, அம்மா உண்மையா என்னதான் செய்தவா? நீங்கள்தானே கூட இருந்தனீங்கள்."

கூட இருந்தேன். தர்மபுரத்தில் ஒரு தகரக் கொட்டகை. அக்காவும் நானும்தான் நிறுவனம். நாங்கள் செய்த கருவியின் கம்பிச்சுருளில் ஒரு கணம் மின்சாரம் பாயும். சுருள் காந்தமாகி, குழாய்க்குள் இருக்கும் இரும்புத் துண்டை இழுத்து வெளியே எறியும். வெடிமருந்தில்லை, நெருப்பில்லை. இரும்பைச் சுற்றி மிளகாய்த்தூள் அடைத்த களிமண் உருண்டை. வயலுக்குள் இறங்கும் யானையின் முன்னால் அது விழுந்து உடைய வேண்டும், அவ்வளவுதான். இதற்காகக் கொழும்பில் நல்ல வேலையை விட்டு வந்தவன் நான். அதை உங்களில் எவரும் எழுதவில்லை.

முதல் மாதிரியைத் தோளில் வைத்துக் குறிபார்க்கும்படி வடிவமைத்தேன். அக்கா அதைத் தொடவேயில்லை.

"இதைத் தோளில வச்சுக்கொண்டு வரம்பில நடந்து பாரும். எதிர வாற சனம் குப்புறப் படுத்திடும்."

பிறகு மருந்தடிக்கும் தாங்கி போல முதுகில் மின்கலம், இடுப்பருகே குழாய் என்று மாற்றினார். குறி கெட்டது. அவர் கவலைப்படவில்லை.

சத்தம் அதைவிடப் பெரிய பிணக்கு. சுருள் "டக்" என்று அடிப்பதைக்கூட ரப்பர் சுற்றி அடக்கினார். மாதக்கணக்கில் அதே வேலை. கடைசியில் இரணைமடுவின் கீழ் ஒரு வயலில் சோதித்துப் பார்த்தோம். உருண்டை ஓசையின்றிப் போய் ஒரு தனியன் யானையின் காலடியில் உடைந்தது. யானை மோந்து பார்த்தது, ஒருமுறை தும்மியது, சற்றுத் தள்ளி நின்று நெல்லைத் தின்னத் தொடங்கியது. வயல்காரர் துவாயால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்.

"தங்கச்சி, இது ஆனை கலைக்கிற மெசினோ, ஆனையின்ர சாப்பாட்டுக்குத் தூள் போடுற மெசினோ?"

"உப்புக் காணாதெண்டுதான் நிக்குது அண்ணை," என்று அக்காவும் சிரித்தார்.

நான் சிரிக்கவில்லை. யானை விரட்டக் கொளுத்தும் ஆனைவெடி போல ஒரு சத்தத்தைச் சேர்ப்போம், சின்ன ஒலிபெருக்கி போதும் என்றேன்.

"வெடிச்சத்தத்துக்கு ஆனை ஓடும். சனமும் எழும்பி ஒளிக்கப் பங்கர் தேடும். எனக்கு ஆனை மட்டும் ஓடவேணும்."

யானை கலைக்கும் கருவியைச் சத்தமில்லாமல் செய்யும் எண்ணம் வேறெங்காவது யாருக்காவது வந்திருக்குமா? தூளை இன்னும் நுணுக்கியிருந்தால் சரிவந்திருக்குமா, காற்றைப் பார்த்து எறிந்திருக்க வேண்டுமா என்று இன்றும் யோசிக்கிறேன். விடை தெரியாமலே அவர் போய்விட்டார்.

அதற்குப் பிறகுதான் கருவியை வாங்க ஒருவர் வந்தார். களிமண்ணும் மிளகாயும் வேண்டாம், இரும்பு மட்டும் போதும், தோளில் வைக்கும் அந்தப் பழைய வடிவமே நல்லது என்றார். சத்தம் வராததை மிகவும் மெச்சினார். என் வடிவத்தை மதித்த ஒரே மனிதர் அவர்.

அக்கா கேட்டார்: "இரும்பு ஆரில படுறதுக்கு?"

அவர் சிரித்தார்.

"தேத்தண்ணியைக் குடிச்சிட்டு வெளிக்கிடுங்கோ."

நிறுவனம் பிழைக்கக் கிடைத்த கடைசி வழியும் அவரோடு போனது. அக்கா என்னிடம் ஒரு சொல் கேட்கவில்லை. அன்றே நானும் நிறுவனத்தை விட்டு வெளிக்கிட்டேன். என்னைக் கேட்காததை நான் மன்னிக்கவில்லை. இறந்துவிட்டார் என்பதற்காக மன்னித்ததாக எழுதவும் மாட்டேன்.

ஆனால் துவக்குச் செய்யும் வாய்ப்பு வாசல்வரை வந்த அன்று அவர் அதைத் திருப்பி அனுப்பியதைக் கண்டவன் நான் ஒருவன்தான். அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியிருப்பது, இரும்பு யாரில் படும் என்ற அந்த ஒரு கேள்வி. அதை அன்று நான் கேட்கவில்லை.

ஆகவே அந்தப் பதிவுகளை அழித்துவிடுங்கள். அந்த இருவரும் திரும்பி வரும்போது மகளுக்குப் பக்கத்தில் நான் இருப்பேன். அவர்களிடம் என் முழுப்பெயரையும் சொல்வேன். இங்கே போடமாட்டேன். போட்டால் நீங்கள் அக்காவை விட்டுவிட்டு எங்கள் பிணக்கைக் கதைப்பீர்கள்.